மண்ணைப் படித்த மனிதர் மார்டிமர் வீலர்



ஆண்டு மலருக்கு ஒரு பெரிய மனிதரின் வாழ்க்கையை எழுதித் தரும்படி பேரவைச் செயலாளர் அண்ணன் கேட்டதும், வகுப்பில் எல்லாரும் விசுவேசுவரய்யா, அப்துல் கலாம் என்று பெயர் கொடுத்துவிட்டார்கள. நான் ஒரு வெள்ளைக்காரர் பெயரைக் கொடுத்தேன். 1976-ல் இறந்துபோன, மீசை முறுக்கிய ஒரு பட்டாளத்துக்காரர். அவரைப் பற்றி எழுத உனக்கு என்ன வந்தது என்று தோழிகள் கேட்டார்கள். காரணம் இருக்கிறது. அதை முதலில் சொல்லிவிட்டு அவரிடம் போகிறேன்.

எங்கப்பா நிமிந்தாள். அம்மா சித்தாள். சிம்மக்கல்லில் பழைய சொக்கநாதர் கோயிலுக்குப் பின்னால் ஒரு காம்பவுண்டு வீட்டில் குடியிருக்கிறோம். எங்க வீட்டில் பத்தாம் வகுப்பைத் தாண்டிய முதல் ஆள் நான்தான். முதலாண்டு லீவில், பரீட்சை ஃபீஸுக்காக நானும் அப்பாகூட வேலைக்குப் போனேன். மதுரைக்குக் கிழக்கே ஒரு ஊரில் வீட்டுக்கு வானம் தோண்டுகிற வேலை. அப்பா கடப்பாரை போட, நான் பாண்டுச் சட்டியில் மண் அள்ளிக் கொட்டினேன்.

மூன்றாம் நாள் குழிக்குள் ஒரு பானை தட்டுப்பட்டது. உள்ளே கறுப்பு, வெளியே பாதி சிவப்பு. தோள்பட்டையில் ஏணி மாதிரி ஒரு கீறல். அப்பா கடப்பாரையை வைத்துவிட்டு, கையாலேயே மண்ணைத் தள்ளித் தள்ளி அதை வெளியே எடுத்தார். மேஸ்திரி ஓடி வந்தார். இதை யாராவது பார்த்தால் வேலையை நிறுத்திப்புடுவான், உடைச்சு உள்ளேயே போடு என்று சொல்லிவிட்டார். அப்பா உடைக்கவில்லை. ஒன்றும் பேசாமல் தள்ளி நின்றார். மேஸ்திரியே மண்வெட்டியால் தட்டி உடைத்தார். அந்த ஓடுகளைப் பாண்டில் அள்ளிக் கொண்டுபோய்க் குழி நிரப்பினது யார் தெரியுமா? நான்தான்! உள்ளங்கை அளவு ஓடு ஒன்றை மட்டும் தாவணி முடிச்சில் போட்டுக்கொண்டு வந்தேன்.

போன வருஷம் எங்கள் துறையில் கீழடி அருங்காட்சியகத்துக்குக் கூட்டிப் போனார்கள். 2023 மார்ச்சில் திறந்தது, செட்டிநாட்டு வீடு மாதிரிக் கட்டியிருக்கிறார்கள். அங்கே ஒரு புகைப்படத்தைப் பார்த்து நின்றுவிட்டேன். சதுரம் சதுரமாகக் குழிகள், நடுவில் வயல் வரப்பு மாதிரி மண் திட்டு, கத்தியால் வெட்டின கேக் மாதிரி நேரான சுவர்கள். எங்க அப்பாவால்கூட இவ்வளவு நேராக வானம் பறிக்க முடியாது! இப்படி வெட்ட யார் சொல்லிக் கொடுத்தது என்று சர்வே சாரிடம் கேட்டேன். அவர் சொன்ன பெயர்தான் மார்டிமர் வீலர். அடுத்த ஞாயிற்றுக்கிழமை சிம்மக்கல் மாவட்ட மைய நூலகத்தில் போய் உட்கார்ந்தேன். ஆங்கிலப் புத்தகம், பக்கத்தில் அகராதி. ஒரு பக்கம் படிக்க அரை மணி நேரம். அப்படிப் படித்ததைத்தான் இங்கே சொல்கிறேன்.

பள்ளிக்கூடமே மியூசியம்தான்

ராபர்ட் எரிக் மார்டிமர் வீலர் 1890 செப்டம்பர் 10-ல் ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ நகரில் பிறந்தார். அப்பா பத்திரிகைக்காரர். பெரிய பணக்காரக் குடும்பம் இல்லை. 1905-ல் குடும்பம் லண்டனுக்கு வந்தபோது பையனுக்குப் பதினைந்து வயது. லண்டன் மியூசியங்களையும் ஓவியக்கூடங்களையும் சுற்றிச் சுற்றிப் பார்த்துத் தானாகவே நிறையக் கற்றுக்கொண்டார். ஓவியர் ஆக ஆசைப்பட்டார். ஓவியப் பள்ளியிலும் சேர்ந்து பார்த்தார். ஆனால் பல்கலைக்கழகத்தில் படித்தது பழைய கிரேக்க, லத்தீன் இலக்கியம். ஓவியர் ஆகாவிட்டாலும் அந்தக் கை வீணாகவில்லை. பின்னாளில் குழிச் சுவரின் மண் அடுக்குகளை அவர் வரைந்து வைத்த படங்கள் இன்றைக்கும் பாடமாக இருக்கின்றன.

1914-ல் டெஸ்ஸா என்ற பெண்ணை மணந்தார். அதே ஆண்டு முதல் உலகப் போர் மூண்டது. பீரங்கிப் படையில் அதிகாரியாகப் போனார். 1917-ல் பாஷண்டேல் என்ற இடத்தில் நடந்த கொடுமையான சண்டையில் இருந்தார். வீரப் பதக்கமும் வாங்கினார். அவர் தலைமுறையில் படித்த எத்தனையோ வாலிபர்கள் அந்தப் போரில் மடிந்துபோனார்கள். திரும்பி வந்தவர் இவர். செத்துப்போனவர்கள் வேலையையும் சேர்த்துச் செய்தவர் மாதிரிதான் அதற்குப் பிறகு உழைத்திருக்கிறார்.

1920-ல் வேல்ஸ் தேசிய மியூசியத்தில் சேர்ந்தார், 1924-ல் அதன் இயக்குநர் ஆனார். கெய்ர்லியன் என்ற ஊரில் ரோமானியர் கட்டிய வட்ட அரங்கு ஒன்று மண்ணுக்கடியில் கிடந்தது. தோண்டக் காசு இல்லை. வீலர் என்ன செய்தார்? ஒரு பெரிய தினசரிப் பத்திரிகையிடம் போய்ப் பணம் வாங்கினார்! அதற்குப் பதில் தோண்டலின் செய்தி அந்தப் பத்திரிகைக்கு. படித்த பெரியவர்கள் முகம் சுளித்தார்கள். பொதுமக்கள் காசில் நடக்கிற வேலை பொதுமக்களுக்குத் தெரிய வேண்டும் என்பது அவர் கட்சி. சாகிற வரைக்கும் அதை அவர் விடவில்லை.

ஆங்கிலோ-சாக்சன் கதை

1926-ல் லண்டன் மியூசியத்தின் பொறுப்புக்கு வந்தார். அங்கே சாதாரண ஜனங்கள் வாங்கிப் படிக்கிற மாதிரிப் புத்தகங்கள் எழுதினார். 1927-ல் வைக்கிங்குகள் காலத்து லண்டன், 1930-ல் ரோமானியர் காலத்து லண்டன், 1935-ல் சாக்சன்கள் காலத்து லண்டன்.

சாக்சன்கள் யார் என்று கேட்பீர்கள். கி.பி. 410 வாக்கில் ரோமானிய ஆட்சி பிரிட்டனைக் கைவிட்டது. அதற்குப் பிறகு வட ஜெர்மனி, டென்மார்க் பக்கமிருந்து கடல் தாண்டி வந்து குடியேறியவர்கள்தான் ஆங்கில்கள், சாக்சன்கள். இன்றைக்கு நாம் அரியர் வைக்கிற இங்கிலீஷ் பாஷை அவர்கள் கொண்டுவந்த பாஷைதான்! அவர்கள் கல்லில் மாளிகை கட்டவில்லை. பெரும்பாலும் மரத்தில் கட்டினார்கள். மரம் மக்கிவிடும். மிச்சம் இருப்பது மண்ணில் ஒரு கறை, ஒரு கொக்கி, ஒரு மணி. அதனால் அந்தக் காலத்தை இருண்ட காலம் என்று ஒதுக்கி வைத்திருந்தார்கள். அந்தச் சின்னச் சின்னச் சாமான்களை எடுத்து வைத்து, லண்டன்காரனுக்கு அவன் முப்பாட்டன் கதையைச் சொன்னார் வீலர்.

ரோமானியர் போன பிறகும் கோட்டைச் சுவருக்குள் லண்டன் மக்கள் ஏதோ ஒரு விதத்தில் பிழைத்துக்கொண்டுதான் இருந்தார்கள் என்பது அவர் வாதம். சக அறிஞர்கள் அதை அப்படியே ஏற்கவில்லை. 1980-களில்தான் வேறு ஒரு உண்மை தெரிந்தது. சாக்சன்களின் வணிக ஊர் ரோமானியச் சுவருக்கு உள்ளேயே இல்லை, மேற்கே வெளியில் ஸ்ட்ராண்ட் என்ற பகுதியில் இருந்தது. பழைய மதுரை எங்கே இருந்தது என்று நம்ம ஊரில் இன்னமும் விவாதம் நடக்கிறதே, அதே கதைதான். ஊர் இருக்கிற இடத்திலேயேதான் பழைய ஊரும் இருந்திருக்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை.

1934 முதல் 1937 வரை மெய்டன் காசில் என்ற பிரம்மாண்டமான மண்கோட்டையைத் தோண்டினார். அங்கேதான் கூட்டம் அலைமோதியது. வந்தவர்களை விரட்டவில்லை. மாணவர்களை நிறுத்தி விளக்கம் சொல்ல வைத்தார். படம் போட்ட தபால் அட்டை விற்றார். பெயர் எழுதிப் பதிவுசெய்து முடித்த பிறகு மிஞ்சிய சின்னச் சாமான்களைக்கூட நினைவுப் பொருளாகக் கொடுத்தார். அந்தக் காசும் தோண்டலுக்கே போனது.

அந்த வேலை நடந்துகொண்டிருக்கும்போதே 1936-ல் டெஸ்ஸா திடீரென்று இறந்துபோனார். தோழிகளே, இதை நாம் கவனிக்க வேண்டும். கெய்ர்லியனில் பெரும்பகுதி வேலையை நின்று நடத்தியவர் டெஸ்ஸா. லண்டனில் தொல்லியலுக்கு என்று தனி நிறுவனம் வேண்டும் என்று வீடு வீடாக அலைந்து நிதி திரட்டியதில் அவருக்குப் பெரும் பங்கு. அந்த நிறுவனம் 1937-ல் திறந்தபோது பார்க்க அவர் இல்லை. புகழ் பெரும்பாலும் வீலருக்கே போனது. தோண்டினவர் பெயர் ஒன்று, வெளியே தெரிகிற பெயர் ஒன்று. இது நம்ம ஊரில் மட்டும் நடப்பதில்லை போல!

இந்தியாவுக்கு வந்த பிரிகேடியர்

இரண்டாம் உலகப் போர் வந்ததும் மறுபடியும் பட்டாளத்துக்குப் போனார். வட ஆப்பிரிக்காவிலும் இத்தாலியிலும் சண்டை போட்டார். பிரிகேடியர் பதவிவரை உயர்ந்தார். போர் முனையில் இருந்தபோதே அழைப்பு வந்தது: இந்தியத் தொல்லியல் துறைக்குத் தலைமை ஏற்க வேண்டும். 1944-ன் தொடக்கத்தில் பம்பாயில் வந்து இறங்கினார். நான்கே ஆண்டு வேலை.

சிம்லா அலுவலகத்தில் முதல் நாளே தூங்கிக்கொண்டிருந்தவர்களைச் சத்தம் போட்டு எழுப்பியவர் அவர். கோபக்காரர், அதிகாரம் பண்ணுகிறவர். அவரிடம் வேலை பார்ப்பது லேசு இல்லை. ஆனால் ஒன்று செய்தார். 1944 கடைசியில் தட்சசீலத்தில் கூடாரம் போட்டு, இந்தியா முழுவதிலுமிருந்து சுமார் அறுபது இளைஞர்களைச் சேர்த்து, தோண்டுவது எப்படி என்று கற்றுக் கொடுத்தார். பி.பி.லால், பி.கே.தாபர் போல பிற்காலத்தில் அந்தத் துறைக்கே தலைவரானவர்கள் அங்கே பயின்றவர்கள்தான்.

என்ன கற்றுக் கொடுத்தார்? சிவில் படிக்கிற நமக்கு இது பாடம். அதற்கு முன் மொகஞ்சதாரோவில் தோண்டியவர்கள் ஒரு டேட்டம் வைத்துக்கொண்டு, அதிலிருந்து எத்தனை அடி ஆழம் என்று மட்டும் குறித்தார்கள். ஒரே லெவலில் கிடைத்ததெல்லாம் ஒரே காலம் என்று எடுத்துக்கொண்டார்கள். இதில் என்ன தப்பு? சிம்மக்கல்லில் தெருவில் நின்று டீ குடித்து ஒருவர் மண் குவளையைப் போடுகிறார். அதே நேரம் இன்னொருவர் கல்பாலத்துக்குக் கீழே வைகை மணலில் ஒரு குவளையைப் போடுகிறார். இரண்டும் ஒரே நாள். ஆனால் லெவலிங் ஸ்டாஃப் பிடித்தால் இரண்டுக்கும் ரெட்யூஸ்டு லெவல் வேற வேற! மண் என்ன, ஸ்பிரிட் லெவல் வைத்தா படிகிறது? சரிவில் சரிவாகத்தான் படியும். அதனால் அடியை மட்டும் பார்க்காதே, எந்த மண் அடுக்கில் கிடைத்தது என்று பார் என்றார் வீலர்.

அதற்குத்தான் சதுரக் குழி. கட்டம் கட்டமாகப் பிரித்து, கட்டத்துக்குக் கட்டம் வரப்பு விட்டு வெட்ட வேண்டும். வரப்பின் சுவரில் அடுக்குகள் அப்படியே தெரியும். ஒவ்வொரு அடுக்குக்கும் எண் எழுதிச் சீட்டுக் குத்த வேண்டும். சுவரை அளந்து படம் வரைய வேண்டும். கிடைத்த ஓடு எந்தக் கட்டம், எந்த அடுக்கு, எவ்வளவு ஆழம் என்று மூன்றையும் எழுத வேண்டும். ஏனென்றால் தோண்டுவது ஒரு புத்தகத்தைப் படிக்கும்போதே பக்கம் பக்கமாகக் கிழித்துப் போடுவது மாதிரி. எழுதி வைக்காமல் தோண்டினால் அது படிப்பு இல்லை, அழிப்பு. இந்த இடத்தைப் படித்தபோது அகராதியை மூடி வைத்துவிட்டேன். பாண்டுச் சட்டி ஞாபகம் வந்தது.

நம்ம ஊர்க் கடற்கரையில்

1944-ல் சென்னை மியூசியத்துக்கு வந்தவர், அலமாரி ஒன்றில் ஒரு மண்ஜாடியின் உடைந்த துண்டைக் கண்டார். பார்த்ததும் புரிந்துவிட்டது: இது மத்தியதரைக் கடல் நாட்டு மதுச்சாடி, ஆம்போரா! எங்கே கிடைத்தது? புதுச்சேரிக்குப் பக்கத்தில் அரிக்கமேடு. அப்போது அது பிரெஞ்சுக்காரர் ஆட்சி. ழுவோ துப்ராய் என்ற பிரெஞ்சு அறிஞர் 1930-களிலேயே அந்த இடத்தின் பெருமையை உணர்ந்திருந்தார். மற்ற பிரெஞ்சுக்காரர்களும் கொஞ்சம் தோண்டியிருந்தார்கள்.

1945-ல் வீலர் தன் மாணவர்களோடு அங்கே குழி போட்டார். செங்கல் கட்டடங்கள், தொட்டிகள், மணிகள், தமிழ் பிராமி எழுத்து கீறிய ஓடுகள் கிடைத்தன. கூடவே இத்தாலியின் அரெஸ்ஸோவில் செய்த பளபளப்பான சிவப்புத் தட்டின் துண்டுகள். அந்தத் தட்டு எந்தக் காலத்தில் புழங்கியது என்று ஐரோப்பாவில் ஏற்கெனவே கணக்கு இருந்தது: கி.பி. முதல் நூற்றாண்டை ஒட்டிய காலம். அப்படியென்றால் அதே மண் அடுக்கில் கிடந்த நம்மூர்ச் சட்டிபானையும் அதே காலம்தானே! உள்பக்கம் வட்ட வட்டமாகப் புள்ளிக்கோடு ஓடும் ரௌலட்டட் ஓடும் அப்படித்தான் காலம் பெற்றது.

1947-ல் கர்நாடகத்தின் பிரம்மகிரியில் தோண்டினார். அங்கே அதே ரௌலட்டட் ஓடு மேல் அடுக்கில் வந்தது. பெருங்கற்காலப் பானைகள் அதற்குக் கீழே. ஒரு சாண் ஓட்டை வைத்து தென்னாட்டின் பழங்காலத்துக்கே தேதி போடத் தொடங்கிவிட்டார்! அந்த ஓடு வைகை கடலில் சேரும் இடத்துக்குப் பக்கத்தில் அழகன்குளத்திலும் கிடைத்திருக்கிறது. நம்ம சிம்மக்கல்லைத் தாண்டி ஓடுகிற அதே வைகைதான்.

இதையெல்லாம் சாமானியரும் பார்க்கிற மாதிரி, நல்ல படங்களோடு பண்டைய இந்தியா என்ற பொருளில் 1946-ல் ஓர் ஆங்கில ஆய்விதழும் தொடங்கினார். அரிக்கமேட்டு அறிக்கை அதன் இரண்டாம் இதழில் வந்தது. தோண்டின மறு வருஷமே அறிக்கை! வருஷக் கணக்கில் இழுத்தடிப்பது அவருக்குப் பிடிக்காது.

தப்பும் செய்தார்

பெரியவர்களைப் பற்றி எழுதினால் நல்லதை மட்டும் எழுதுவது வழக்கம். நான் இதையும் எழுதுகிறேன். மொகஞ்சதாரோவில் கிடைத்த எலும்புக்கூடுகளைப் பார்த்து, வெளியிலிருந்து வந்த ஆரியர்கள் வெட்டிப் போட்ட மக்கள் இவர்கள் என்று வீலர் எழுதினார். உலகமே அதை நம்பியது. 1964-ல் ஜார்ஜ் டேல்ஸ் என்ற அமெரிக்க அறிஞர் அதை மறுத்தார். அவை ஒரே நாளில் விழுந்தவை என்பதற்குச் சான்றே இல்லை என்று காட்டினார். அந்தக் கூடுகளில் பெரும்பாலானவை 1920-களில், வீலர் வருவதற்கு முன்னாலேயே, அடுக்கு சரியாகக் குறிக்காமல் எடுத்தவை. எழுதி வைக்காத ஓட்டை நம்பாதே என்று ஊருக்குச் சொன்னவரே, எழுதி வைக்காத எலும்பை நம்பி ஏமாந்தார். அரிக்கமேட்டிலும் அப்படித்தான். 1989 முதல் 1992 வரை விமலா பெக்லி தலைமையில் மறுபடி தோண்டியபோது, வீலர் நினைத்ததைவிட அந்த ஊர் முந்தியும் இருந்தது, பிந்தியும் இருந்தது என்று தெரிந்தது. ஆனாலும் ஒன்று. அவர் படம் வரைந்து, எழுதி வைத்ததால்தான் அவர் தப்பையே மற்றவர்கள் கண்டுபிடிக்க முடிந்தது!

வீட்டுக்குள் வந்த வீலர்

1948-ல் இந்தியாவை விட்டுப் போனார். 1952-ல் சர் பட்டம். அதே ஆண்டு பி.பி.சி. தொலைக்காட்சியில் ஒரு புதிர் நிகழ்ச்சி தொடங்கியது. மியூசியத்திலிருந்து ஏதாவது ஒரு விநோதப் பொருளைக் கொண்டுவந்து வைப்பார்கள். மூன்று அறிஞர்கள் அதைக் கையில் எடுத்து, திருப்பித் திருப்பிப் பார்த்து, என்ன, எங்கே, எந்தக் காலம் என்று சொல்ல வேண்டும். வீலர் மீசையைத் தடவி, நெற்றியைச் சுருக்கி யோசிப்பதைப் பார்க்கவே ஜனங்கள் காத்திருந்தார்களாம். 1954-ல் அந்த நாட்டின் சிறந்த தொலைக்காட்சி நட்சத்திரமாக அவரைத் தேர்ந்தெடுத்தார்கள். சினிமாக்காரர் இல்லை, 64 வயசு மண்தோண்டி! சக அறிஞர்கள் சிலர் கேலி செய்தார்கள். அவர் கவலைப்படவில்லை. அதே ஆண்டுதான் தோண்டும் முறையைப் பற்றிய அவருடைய முக்கியமான புத்தகமும் வந்தது. 1976 ஜூலை 22-ல், 85 வயதில் காலமானார்.

என் ஓடு

இனி என் கதைக்கு வருகிறேன். புத்தகத்தை முடித்த அன்று ராத்திரி டிரங்குப் பெட்டியிலிருந்து அந்த ஓட்டை எடுத்தேன். வீலர் கணக்குப்படி அது ஊமை. எந்த அடுக்கு, எந்த ஆழம், ஒன்றும் தெரியாது. எழுதாமல் அழித்தவர்களில் நானும் ஒருத்தி. அழுகை வந்துவிட்டது.

அப்பா என்னவென்று கேட்டார். சொன்னேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு அவர் சொல்ல ஆரம்பித்தார். மேலே ஒரு முழம் கரிசல். அதுக்குக் கீழே முழங்கால் அளவு செம்மண், கெட்டி, கடப்பாரை துள்ளும். அதுக்குக் கீழே நாலு விரக்கடை சாம்பல் கலந்த பொடிமண். பானை அந்தச் சாம்பல் மேலே உட்கார்ந்திருந்தது, குழியின் வடமேற்கு மூலையில், வேப்பமரத்திலிருந்து ஒன்பது அடி. எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. பள்ளிக்கூடம் பக்கமே போகாத எங்கப்பா முப்பது வருஷமாக மண்ணை அடுக்கு அடுக்காகப் படித்துக்கொண்டிருந்திருக்கிறார்! அவரிடம் யாரும் கேட்கவில்லை, நான் உள்பட.

ஃபீல்டு புக்கை எடுத்து அளவு போட்டு குழிச் சுவரை வரைந்தேன். ஆனால் இதை வெளியே கொடுத்தால் அந்த மேஸ்திரி அப்பாவை இனிக் கூப்பிட மாட்டார். வருஷத்தில் பாதி நாள் வேலை அவரிடம்தான். வேண்டாம்ப்பா, நான் வைத்துக்கொள்கிறேன் என்றேன். அப்பா பதில் சொல்லாமல் பேனாவை வாங்கினார். அவருக்கு எழுதத் தெரிந்தது கையெழுத்து மட்டும்தான். படத்துக்குக் கீழே அதைப் போட்டார்.

சர்வே சார் துணையோடு ஓட்டையும் படத்தையும் தொல்லியல் அலுவலகத்தில் ஒப்படைத்தோம். கண்டெடுத்தவர் யார் என்று கேட்டு எழுதிக்கொண்டார்கள். அப்பா பெயரைச் சொன்னேன். மேஸ்திரி இதுவரை அப்பாவைக் கூப்பிடவில்லை. அப்பா வேறு ஆளிடம் தொலைவாகப் போகிறார், காலை ஐந்து மணிக்கே கிளம்ப வேண்டியிருக்கிறது. அந்தச் சம்பளத்தில்தான் என் கடைசி செமஸ்டர் ஃபீஸ் கட்டினோம்.

தோழர்களே! நாளைக்கு நாம்தான் சூப்பர்வைசர். நம்ம கண் முன்னால்தான் ஜேசிபி இறங்கப் போகிறது. மதுரைச் சுற்றுவட்டாரத்தில் எந்தக் குழியில் எது இருக்கும் என்று சொல்ல முடியாது. ஏதாவது தட்டுப்பட்டால் ஒரு மணி நேரம் மெஷினை நிறுத்துங்கள். போட்டோ எடுங்கள், ஆழம் அளங்கள், மண் நிறத்தை எழுதுங்கள், தாசில்தாருக்கோ தொல்லியல் துறைக்கோ சொல்லுங்கள். தோண்டினவர் பெயரையும் மறக்காமல் எழுதுங்கள். வீலர் நமக்கு விட்டுப்போன பாடம் இதுதான் என்று நான் நினைக்கிறேன். கடைசி வரி மட்டும் எங்கப்பாவிடம் கற்றது.



இறுதியாண்டு, சிவில் பிரிவு